எழுத்துக் கூட்டியா, சொல்லைப் பார்த்தா? வாசிப்பு குறித்த வாசகர் கேள்விகளும் பதில்களும்

பிள்ளைகளுக்கு வாசிக்கக் கற்றுக்கொடுப்பது பற்றிய கேள்விகளை அனுப்புமாறு சென்ற இதழில் கேட்டிருந்தோம். செட்டிநாட்டு ஊர்களிலிருந்து வந்த கடிதங்களில் ஐந்துக்கு, இப்பகுதித் தொடக்கப் பள்ளிகளில் 32 ஆண்டுகள் முதல் வகுப்பும் இரண்டாம் வகுப்பும் நடத்தி ஓய்வுபெற்ற ஆசிரியை பதில் எழுதியிருக்கிறார். கடிதம் எழுதியவர்களின் பெயர்களைத் தவிர்த்திருக்கிறோம்.

கேள்வி: என் மகள் யுகேஜி படிக்கிறாள். பள்ளியில் ஆங்கிலத்தை ஃபோனிக்ஸ் முறையில், அதாவது எழுத்துகளின் ஒலியைச் சேர்த்து வாசிக்கும் முறையில் கற்பிக்கிறார்கள். வீட்டில் தமிழ் கற்றுக்கொடுக்கலாம் என்று தொடங்கினால், அட்டைகளில் முழுச் சொற்களை எழுதிக் காட்டினால் போதும் என்கிறார் என் கணவர். அ, ஆவன்னாவை முழுதாக முடிக்காமல் சொல்லுக்குப் போகக்கூடாது என்கிறார் என் மாமியார். ஃபோனிக்ஸ் முறையையே தமிழுக்கும் பின்பற்றினால் என்ன என்று எனக்குத் தோன்றுகிறது. எது சரி, அம்மா?
(ஒரு தாய், காரைக்குடி)

பதில்: உங்கள் வீட்டில் நடக்கும் வாதம் ஆங்கிலம் பேசும் நாடுகளில் தலைமுறை தலைமுறையாக நடந்துவரும் வாதம்தான். அங்கே அது ஏன் அவ்வளவு நீண்டது என்று தெரிந்துகொண்டால், தமிழுக்கு எதை எடுத்துக்கொள்வது, எதை விட்டுவிடுவது என்பது விளங்கிவிடும்.

ஆங்கிலத்தில் எழுத்துகள் 26; ஒலிகள் ஏறத்தாழ 44. ஓ, யு, ஜி, எச் என்ற நான்கெழுத்துக் கூட்டு ஒரு சொல்லில் 'த்ரூ' என்று ஊகாரமாக ஒலிக்கிறது, இன்னொன்றில் 'தோ' என்று ஓகாரமாக ஒலிக்கிறது, மற்றொன்றில் 'காஃப்' என்று முடிகிறது. எழுத்தை நம்பிப் போகும் பிள்ளையை எழுத்தே கைவிட்டுவிடும் மொழியாதலால், எழுத்தை விட்டுச் சொல்லின் முழு உருவத்தையே பழக்கிவிடலாம் என்று அங்கே ஒரு சாரார் நினைத்ததில் வியப்பில்லை. 1967-இல் கென்னத் குட்மன் என்ற அமெரிக்கக் கல்வியாளர், தேர்ந்த வாசகர் எழுத்து எழுத்தாகப் பார்ப்பதில்லை, பொருளையும் சூழலையும் கொண்டு அடுத்த சொல்லை ஊகித்தபடியே செல்கிறார் என்று வாதிட்டார். அந்தக் கருத்து பல நாட்டு வகுப்பறைகளில் நீண்டகாலம் செல்வாக்கோடு இருந்தது. பின்னர், அமெரிக்க நாடாளுமன்றத்தின் வேண்டுகோளின்படி அமைந்த தேசிய வாசிப்புக் குழு, அதுவரை நடந்த ஆய்வுகளைத் தொகுத்து 2000-இல் அறிக்கை தந்தது. எழுத்துக்கும் ஒலிக்குமான உறவை முறையாக, வரிசையாகக் கற்பித்த பிள்ளைகளே மேலான பயன் பெற்றார்கள் என்றது அந்த அறிக்கை. இங்கிலாந்தில் 2006-இல் முன்னாள் பள்ளி ஆய்வதிகாரி ஜிம் ரோஸ் தந்த அறிக்கையும் அதே பக்கம்தான் நின்றது. 2012 முதல் அந்நாட்டில் முதலாம் ஆண்டு முடிக்கும் பிள்ளைகளிடம் 40 சொற்களைக் கொடுத்து வாசிக்கச் சொல்கிறார்கள். அவற்றில் 20 சொற்களுக்குப் பொருளே கிடையாது. மனப்பாடத்தாலோ ஊகத்தாலோ தப்பிக்க முடியாதபடி, பிள்ளைக்கு எழுத்து உண்மையாகவே தெரிகிறதா என்று பார்க்கும் ஏற்பாடு அது.

இனித் தமிழுக்கு வருவோம். தமிழ் எழுத்து பிள்ளையை ஏமாற்றுவதில்லை. 247 எழுத்துகள் என்று சொல்லிப் பயமுறுத்தத் தேவையில்லை. 12 உயிர், 18 மெய், ஆகாரம் முதல் ஔகாரம் வரையிலான துணைக்கால், கொம்பு போன்ற குறிகள் ஆகியவை கைவந்துவிட்டால் பெரும்பாலான உயிர்மெய்கள் தாமே வந்துவிடும். உகர, ஊகார வரிசைகள் மட்டும் எழுத்துக்கு எழுத்து உருமாறுவதால் அங்கே தனியாக நிற்க வேண்டும். அங்கும் ஓர் ஒழுங்கு உண்டு: கு, டு, மு, ரு, ழு, ளு ஒரு குடும்பம்; ஙு, சு, பு, யு, வு ஒரு குடும்பம்; ஞு, ணு, து, நு, லு, று, னு ஒரு குடும்பம். இந்த வரிசையில் காட்டினால், கு முதல் னு வரை ஒரே ஓட்டமாக ஓட்டுவதைவிடப் பிள்ளைகள் விரைவாகப் பிடித்துக்கொள்வதை ஆண்டுதோறும் பார்த்திருக்கிறேன்.

ஆகவே, எழுத்திலிருந்து தொடங்க வேண்டும் என்பதில் உங்கள் மாமியார் பக்கம் நான் நிற்கிறேன். ஆனால் எல்லா எழுத்தையும் முடித்த பிறகே சொல் என்பதில் அவரோடு எனக்கு உடன்பாடு இல்லை. ப, ட, ம என்ற மூன்று எழுத்தும் துணைக்காலும் புள்ளியும் தெரிந்த அன்றே படம், மடம், பாடம், மாடம், பட்டம், மட்டம் என்று ஆறு சொற்களைப் பிள்ளை வாசித்துவிடும். தானே வாசித்தோம் என்ற அந்த மகிழ்ச்சியைப் பன்னிரண்டு உயிரும் பதினெட்டு மெய்யும் முடியும்வரை ஒத்திப்போடுவது கொடுமை.

ஆங்கில ஃபோனிக்ஸ் முறையை அப்படியே தமிழுக்குப் போடுவதில் ஓர் இடர் இருக்கிறது. அங்கே ஒவ்வோர் ஒலியையும் தனித்தனியாகப் பிரித்துப் பின் சேர்ப்பார்கள். அதைப் பார்த்து நாமும் 'இட்' கூட்டல் 'அ' என்று பிரிக்கத் தொடங்கினால், பட்டம் என்ற சொல்லைப் பிள்ளை 'ப, இட், ட, இம்' என்று வாசித்துவிட்டு, அது என்ன சொல் என்று தெரியாமல் நம் முகத்தைப் பார்க்கும். 'இட்', 'இம்' என்பவை அந்த எழுத்துகளைக் குறிப்பிட நாம் வைத்திருக்கும் பெயர்கள். அவற்றின் ஒலி அதுவன்று. தமிழில் புள்ளி எழுத்து தனித்து நிற்காது, தனக்கு முன்னுள்ள எழுத்தோடு ஒட்டிக்கொள்ளும். யாப்பிலக்கணம் அசை பிரிக்கும் முறையும் இதுதான்: பட்–டம், நேர் நேர். முதல் வகுப்புப் பிள்ளைக்கு அசை என்ற பெயர் வேண்டாம். சொல்லின் கீழே விரலை வைத்து, 'ப'வையும் 'ட்'டையும் ஒரே மூச்சில் 'பட்' என்றும், அடுத்ததை 'டம்' என்றும் சொல்லச் சொல்லுங்கள். இரண்டு முறை மெதுவாகச் சொல்லிவிட்டு மூன்றாம் முறை வேகமாகச் சொல்லும்போது, வானத்தில் பறக்கும் பட்டம் பிள்ளையின் கண்ணில் தெரிவதை நீங்களே காண்பீர்கள்.

உங்கள் கணவர் சொல்லும் முழுச்சொல் அட்டைகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். என் வகுப்பில் ஒரு பையன் சேர்ந்தான். ஊர்ப் பெயர்ப் பலகையெல்லாம் படிப்பான் என்று அவன் தாயார் பெருமையோடு சொன்னார். உண்மைதான், பள்ளி வாசலில் நிற்கும் பேருந்தைப் பார்த்துப் 'பிள்ளையார்பட்டி' என்று தயங்காமல் சொன்னான். கரும்பலகையில் 'பிள்ளை' என்று மட்டும் எழுதிக் காட்டினேன். அதற்கும் 'பிள்ளையார்பட்டி' என்றான். 'பட்டி' என்று எழுதியபோது வாயே திறக்கவில்லை. அவன் படத்தைப் போலச் சொல்லைப் பார்த்துப் பழகியிருந்தான். இப்படிப் பழகிய பிள்ளை முதல் வகுப்பில் கெட்டிக்காரனாகத் தெரியும். சொற்கள் நூறைத் தாண்டும்போது திணறும். அதனால் மகளின் பெயர், அப்பச்சி, ஆத்தா, ஐயா என அவளுக்கு அன்பான நாலைந்து சொற்களை அட்டையில் எழுதி ஒட்டுவதோடு அதை நிறுத்திக்கொள்ளுங்கள். மூன்று மாதம் கழித்து, இங்கிலாந்தில் செய்வதுபோல் 'டமுகி', 'லோபனை' என்று பொருளில்லாத இரண்டு சொற்களை எழுதிக் காட்டி வாசிக்கச் சொல்லுங்கள். வாசித்துவிட்டால் அவள் சரியான பாதையில் இருக்கிறாள்.

ஆங்கிலப் பாடத்துக்குப் பள்ளியின் ஃபோனிக்ஸ் முறை அதன் போக்கில் நடக்கட்டும். ஒன்று கற்கும் நேரத்தில் மற்றொன்றை எடுக்காதீர்கள், அவ்வளவு போதும்.

கேள்வி: நாங்கள் மணலில் விரலால் எழுதி, அரிச்சுவடியை உரக்கச் சொல்லி மனப்பாடம் செய்து படித்தவர்கள். அன்று வாசிக்கத் தெரியாத மாணவன் அரிது. செயல்வழிக் கற்றல் என்றார்கள், இப்போது எண்ணும் எழுத்தும் என்கிறார்கள். பழைய முறைக்கே திரும்பினால் என்ன?
(ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், தேவகோட்டை)

பதில்: ஐயா, மணலைப் பற்றி நீங்கள் சொன்னதை முழு மனத்தோடு ஏற்கிறேன். 1789-இல் சென்னை எழும்பூரில் படைவீரர்களின் ஆண் பிள்ளைகளுக்கான ஆதரவற்றோர் இல்லத்தை நடத்திய ஆண்ட்ரூ பெல் என்ற ஸ்காட்லாந்துப் பாதிரியார், இங்குள்ள சிறுவர்கள் மணலில் எழுதிப் படிப்பதைக் கண்டுதான் அதைத் தம் இல்லத்திலும் புகுத்தினார். மூத்த மாணவர் இளையவருக்குக் கற்பிக்கும் வழக்கத்தையும் அதனோடு சேர்த்து எழுதி, 1797-இல் இங்கிலாந்தில் வெளியிட்டார். நம் திண்ணைப் பள்ளியின் சட்டாம்பிள்ளை முறை 'மதராஸ் முறை' என்ற பெயரோடு கடல் கடந்து போன கதை அது. விரல் நுனி மணலை அழுத்தி எழுத்தின் வளைவை உணரும்போது, கண்ணும் கையும் வாயும் ஒன்றாக வேலை செய்கின்றன. இன்றும் ஒரு தட்டில் மணலைப் பரப்பி, எழுதும்போதே ஒலியைச் சொல்லச் சொல்வதைவிட மேலான வழி எனக்குத் தெரியாது.

மனப்பாடத்தில்தான் எனக்குத் தயக்கம். அரிச்சுவடியைப் பாட்டாகச் சொல்லும் பிள்ளைக்கு வரிசை தெரியும். எழுத்து தெரியும் என்று பொருளில்லை. புத்தகத்தைத் திறந்து 'தி' என்ற எழுத்தைத் தொட்டுக் கேட்டால், 'த, தா, தி' என்று ஓடிவந்து நிற்கும் பிள்ளைகள் எத்தனை பேர் என்று உங்களுக்கும் தெரிந்திருக்கும். ஓடாமல் சொல்ல வேண்டும். அதற்கு எழுத்துகளை வரிசை மாற்றிக் காட்ட வேண்டும். இன்னொன்றையும் பணிவோடு சொல்கிறேன்: அன்று வாசிக்கத் தெரியாத மாணவன் அரிது என்று நமக்குத் தோன்றுவதற்கு ஒரு காரணம், வாசிக்க வராத பிள்ளை இரண்டாம் மூன்றாம் வகுப்போடு நின்று, மாடு மேய்க்கவோ கடையில் எடுபிடி வேலைக்கோ போய்விட்டதுதான். இன்று அந்தப் பிள்ளையும் வகுப்பில் இருக்கிறது. அது இருப்பது நமக்குப் பெருமை.

செயல்வழிக் கற்றல் 2007-ஐ ஒட்டி எல்லா அரசுத் தொடக்கப் பள்ளிகளுக்கும் வந்தபோது நான் பணியில் இருந்தேன். அவரவர் வேகத்தில் அட்டை அட்டையாக முன்னேறும் அந்த ஏணிப்படி, கூச்சமுள்ள பிள்ளைகளுக்கு வரமாக இருந்தது. ஆசிரியர் குறைவான இடத்தில், பிள்ளை அட்டையோடு தனியே விடப்பட்டதும் நடந்தது. 2022-இல் தொடங்கிய எண்ணும் எழுத்தும் திட்டம், கொரோனாக் காலத்தில் பள்ளியையே பார்க்காத பிள்ளைகளை மனத்தில் வைத்து, வகுப்பைப் பாராமல் நிலையைப் பார்த்து அரும்பு, மொட்டு, மலர் என்று பிரித்தது. மூன்றாம் வகுப்பில் இருந்தாலும் எழுத்து தெரியாதவனுக்கு எழுத்திலிருந்து தொடங்கலாம் என்ற அந்த அனுமதியை நான் பெரிதாக மதிக்கிறேன். அது என் பணிக்காலம் முழுவதும் கிடைத்திருந்தால், சில பிள்ளைகளின் கண்ணீரைப் பார்த்திருக்க மாட்டேன்.

கேள்வி: எனக்கு வயது 79. பேரனுக்கு எழுத்துச் சொல்லித் தருகிறேன். நான் எழுதும் 'லை', 'னை', 'ணா' எல்லாம் தப்பு என்கிறான். நான் சொல்லித் தரலாமா, கூடாதா?
(ஓர் அப்பத்தா, பள்ளத்தூர்)

பதில்: கட்டாயம் சொல்லித் தாருங்கள், ஆச்சி. நீங்கள் எழுதுவது தப்பில்லை. பெரியார் 1935 முதலே தம் 'குடி அரசு' இதழில் பயன்படுத்திய சீர்திருத்த எழுத்துகளைத் தமிழ்நாடு அரசு 1978-இல் ஏற்றுக்கொண்டது. யானைத் துதிக்கை போல முன்னே வளைந்த பழைய லை, னை, ணை, ளை ஆகியவையும், துணைக்கால் தனியே நிற்காமல் எழுத்தோடே சுழித்துக்கொண்ட ணா, றா, னா ஆகியவையும் அப்போதுதான் மாறின. நீங்கள் பள்ளிக்கூடம் போன காலத்தில் அவைதான் சரியான எழுத்துகள். பேரனுக்கு எழுதிக் காட்டும்போது மட்டும் இன்றைய வடிவத்தைப் பயன்படுத்துங்கள். அவனுக்கு ஏழெட்டு வயதானபின், ஐயா இரங்கூனிலிருந்தோ பினாங்கிலிருந்தோ எழுதிய கடிதம் பெட்டகத்தில் இருந்தால் எடுத்துக் காட்டுங்கள். பழைய எழுத்தைக் கண்டுபிடித்து வாசிப்பதை அவன் ஒரு விளையாட்டாகவே எடுத்துக்கொள்வான்.

கேள்வி: சொந்த ஊர் கானாடுகாத்தான், நான் சிங்கப்பூரில் வேலை பார்க்கிறேன். ஊரில் ஆத்தாவோடு இருக்கும் என் மகன் மூன்றாம் வகுப்பு. எழுத்துக் கூட்டி எல்லாவற்றையும் வாசித்துவிடுகிறான். ஆனால் என்ன வாசித்தாய் என்று கேட்டால் சொல்லத் தெரியவில்லை. எழுத்துக் கூட்டுவதில் மட்டும் கவனம் செலுத்தியதால் வந்த வினையா இது?
(ஒரு தந்தை)

பதில்: இல்லை. எழுத்துக் கூட்டக் கற்றுக்கொண்டதால்தான் அவனால் இந்த அளவுக்காவது வர முடிந்தது. இங்கே குறை வேறோர் இடத்தில் இருக்கிறது. ஆங்கில நாட்டு வாதங்களைப் படித்து அதைக் கண்டுபிடிக்க முடியாது, ஏனென்றால் இது நம் மொழிக்கு உரிய சிக்கல்.

நாம் பேசும் தமிழும் எழுதும் தமிழும் ஒன்றில்லை. 'எல்லாரும் பட்டாலையில ஒக்காந்திருக்காக' என்று உங்கள் வீட்டில் ஒருவர் சொன்னால் உங்கள் மகனுக்கு அந்தக் காட்சியே தெரியும். பாடப்புத்தகத்தில் அது 'உட்கார்ந்திருக்கிறார்கள்' என்று இருக்கிறது. அதில் 13 எழுத்துகள். அவன் காதில் அன்றாடம் விழாத சொல். உ, ட், கா என்று தொடங்கி ள் வரை கூட்டி முடிப்பதற்குள் முதல் பாதி மனத்திலிருந்து நழுவிவிடுகிறது. முழுச்சொல்லையும் பிடித்துவிட்டாலும், அது தனக்கு ஏற்கெனவே தெரிந்த 'ஒக்காந்திருக்காக' என்பதுதான் என்று அவனுக்கு யாரும் சொல்லவில்லை. தெரிந்த சொல்லாக இருந்தால் பிள்ளை தானே சரிசெய்துகொள்ளும். 'தோசை' என்ற சொல்லை எழுத்தில் உள்ளபடி வல்லொலியோடு வாசித்த ஒரு சிறுமி, உடனே சிரித்து, வீட்டில் சொல்வதுபோல் மெல்ல மாற்றிச் சொன்னதை நான் மறக்கவில்லை. க, ச, ட, த, ப எல்லாம் இடத்துக்கு இடம் ஒலி மாறுவதை நாம் விளக்கவே வேண்டியதில்லை. தமிழ் பேசும் பிள்ளைக்கு வாயே வழிகாட்டும். எழுத்து நடைக்கு மட்டும் அப்படியொரு வழிகாட்டி வீட்டில் கிடைப்பதில்லை.

இதற்கு மருந்து, அவன் வாசிப்பதை அதிகப்படுத்துவது அன்று. அவனுக்கு நாம் வாசித்துக் காட்டுவது. நாள்தோறும் கால்மணி நேரம், அவனால் தானே வாசிக்க முடியாத அளவுக்குச் சற்றுக் கடினமான ஒரு கதையை உங்கள் ஆத்தா உரக்க வாசிக்கட்டும். கண் மங்கலாக இருந்தால் நீங்களே இரவில் வாட்ஸ்அப் வழியாக வாசியுங்கள். அந்தப் பக்கத்தைப் படமெடுத்து அனுப்பிவிட்டால், நீங்கள் வாசிக்க வாசிக்க அவன் விரலால் தொடர்ந்து வருவான். 'வந்துகொண்டிருக்கிறார்' என்று வரும்போது ஒரு கணம் நிறுத்தி, 'வந்துக்கிட்டிருக்காக' என்று நம் பேச்சில் சொல்லிவிட்டு, மறுபடியும் எழுத்துத் தமிழில் சொல்லுங்கள். இதைப் பிழைதிருத்தமாக்கிவிடாதீர்கள். வீட்டுப் பேச்சு மட்டமானது என்ற எண்ணம் அவனுக்கு வந்தால் பேசுவதையே குறைத்துக்கொள்வான். அப்புறம் எந்த முறையும் உதவாது.

சந்தம் உள்ள பாட்டுகளும் இதற்குப் பெரிய துணை. குழந்தைக் கவிஞர் அழ. வள்ளியப்பா பிறந்த இராயவரம் நமக்குப் பக்கத்தில்தான் இருக்கிறது. எதுகையும் மோனையும் நிரம்பிய பாட்டு முதலில் காதில் ஏறி, பிறகு அச்சில் கண்ணுக்குக் கிடைக்கும்போது, எழுத்துத் தமிழின் முடிவுகள் பிள்ளைக்கு அந்நியமாகப் படுவதில்லை. வீட்டில் உள்ள சொற்களையும் அச்சுக்குக் கொண்டுவாருங்கள். முகப்பு, வளவு, இரண்டாங்கட்டு, கொட்டான், மனகோலம், கந்தரப்பம் என்று அவனையே சொல்லச் சொல்லி ஆத்தா எழுதட்டும். மறுநாள் அவன் அதை வாசிக்கட்டும். தான் சொன்னதையே தான் வாசிக்கும்போது பொருள் புரியாமல் போக வழியே இல்லை.

ஆறு மாதம் இப்படிச் செய்துவிட்டு எனக்கு மறுபடி எழுதுங்கள்.

கேள்வி: நான் மாலை நேரத்தில் இலவசமாகப் பாடம் சொல்லித் தருகிறேன். நான்காம் வகுப்புச் சிறுவன் ஒருவன் 'பசு' என்று எழுதியிருந்தால் படத்தைப் பார்த்து 'மாடு' என்கிறான். எழுத்தை மாற்றி மாற்றிச் சொல்கிறான். பள்ளியில் அவனைச் சோம்பேறி என்கிறார்கள். எங்கிருந்து தொடங்குவது?
(தன்னார்வலர், புதுவயல்)

பதில்: படம் இல்லாத பக்கத்திலிருந்து தொடங்குங்கள். படத்தைப் பார்த்துச் சொல்லும் பழக்கத்தால் அவன் இதுவரை தப்பித்து வந்திருக்கிறான். அதைக் கெட்டிக்காரத்தனம் என்றே நான் சொல்வேன், சோம்பல் என்று சொல்ல மாட்டேன். தனக்கு எழுத்து தெரியாது என்பதை மூன்றாண்டு மறைத்து வைப்பதற்கு எவ்வளவு உழைப்பு வேண்டும் என்று எண்ணிப் பாருங்கள்.

ஆனால் அதற்கும் முன்னால் இரண்டு காரியங்கள் இருக்கின்றன. அவன் கண்ணையும் காதையும் சோதிக்க ஏற்பாடு செய்யுங்கள். மூக்குக்கண்ணாடி போட்ட ஒரே மாதத்தில் வாசிக்கத் தொடங்கிய பிள்ளைகளை நான் பார்த்திருக்கிறேன். சளியால் காது அடைத்து, ர, ற, ல, ள வேறுபாடே கேட்காமல் உட்கார்ந்திருந்த பிள்ளையையும் பார்த்திருக்கிறேன். இரண்டும் சரியாக இருந்து, நீங்கள் முறையாகச் சொல்லிக்கொடுத்தும் சில மாதங்களில் அசைவு தெரியாவிட்டால், கற்றல் குறைபாடாக இருக்கலாம். மாற்றுத் திறனாளிகள் உரிமைச் சட்டம், 2016 அதையும் ஒரு குறைபாடாக ஏற்றிருக்கிறது. அது அறிவுக் குறைவு இல்லை என்பதைப் பெற்றோரிடம் முதல் நாளே சொல்லிவிட்டு, வட்டார வள மையத்தின் சிறப்பாசிரியரிடம் அனுப்புங்கள்.

பாடத்துக்கு வந்தால், நாளொன்றுக்கு இருபது நிமிடம் போதும். தம்பி தங்கைகள் இல்லாத இடமாக இருக்கட்டும். நான்காம் வகுப்பில் உள்ளவனை ஒன்றாம் வகுப்புப் புத்தகத்தோடு மற்றவர்கள் பார்க்கும்படி உட்கார வைக்காதீர்கள். அவனுக்குப் பிடித்த கிரிக்கெட்டோ மஞ்சுவிரட்டோ, அதிலிருந்து சொற்களை எடுத்து நீங்களே நாலு வரி எழுதுங்கள். காளை, வாடி, பந்தல் என்ற மூன்று சொல்லை அசை அசையாகக் கூட்டி வாசித்துவிட்டானென்றால், அன்று அதோடு நிறுத்திவிடுங்கள். தெரியாத சொல் வந்து அவன் உங்கள் முகத்தைப் பார்க்கும்போது சொல்லைச் சொல்லிவிடாமல், முதல் எழுத்தின் கீழே உங்கள் விரலை வையுங்கள். கண் அங்கே திரும்பும்வரை காத்திருங்கள்.